சக்கரத்தைப் பிடித்திருக்கும் கை

மோட்டார் வண்டியின் உறுப்புகளைப் பற்றிப் பேசுவதற்கு ஓய்வுபெற்ற தலைமையாசிரியன் ஒருவனுக்கு என்ன தகுதி உண்டு என்று நேயர்கள் வினவலாம். நியாயமான வினாவே. நான் பட்டறைத் தொழில் கற்றவனல்லேன். ஆனால் நான் வாழும் துவாக்குடி, இரும்போடு பழகிய ஊர். திருச்சிராப்பள்ளியிலிருந்து தஞ்சாவூர் செல்லும் நெடுஞ்சாலையில், ஏறத்தாழ 20 கிலோமீட்டர் தொலைவில் அது அமைந்திருக்கின்றது. திருவெறும்பூரில் பாரத மிகுமின் நிறுவனத்தின் கொதிகலன் தொழிற்சாலை 1960-களில் எழுந்தது. அதனைச் சார்ந்து எங்கள் ஊர்த் தொழிற்பேட்டையிலும் சுற்றுப்புறத்திலும் சிறு தொழிற்கூடங்கள் பல தோன்றின. என் வகுப்பில் பெஞ்சில் அமர்ந்து வாய்ப்பாடு ஒப்பித்த பிள்ளைகளுள் சிலர் இன்று வெல்டர்கள். சிலர் கடைசல் வேலை செய்பவர்கள். சிலர் மோட்டார் பழுதுபார்ப்பவர்கள். முன்பு நான் அவர்களுக்குப் பாடம் சொன்னேன். இப்பொழுது அவர்கள் எனக்குச் சொல்லுகின்றார்கள். அப்படி நான் கேட்டும் கண்டும் கற்ற பாடம் ஒன்றையே இன்று சொல்லப் போகின்றேன்.

வயதான கார்களில் முன்சக்கரத்தின் பக்கமிருந்து 'தடக், தடக்' என்று ஓர் ஓசை எழுவதுண்டு. மேடுபள்ளங்களில் மெதுவாக ஏறி இறங்கும்போது அது கேட்கும். நல்ல சாலையில் வேகமாகச் செல்லும்போது மறைந்துவிடும். மறைந்துவிடுவதால் அதனைப் பலரும் பொருட்படுத்துவதில்லை. அந்த ஓசைக்குக் காரணங்கள் பல. அவற்றுள் மிகவும் அஞ்சத்தக்கது, முன்சக்கரத்தைக் கீழ்ப்புறத்தில் பிடித்திருக்கும் கை தேய்ந்து போவதாகும். பட்டறைப் பிள்ளைகள் இதனை 'லோயர் ஆர்ம்' என்பார்கள். இவ்வுரையில் நான் அதனைக் கீழ்க்கை என்று வழங்குகின்றேன்.

எந்த வண்டியை மனத்தில் வைத்துப் பேசுகின்றேன் என்பதையும் சொல்லிவிடுவது நல்லது. 1983-ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 14-ஆம் நாள் முதல் வண்டி விற்பனைக்கு வந்து, 2014-ஆம் ஆண்டு ஜனவரியில் உற்பத்தி நின்றுபோன மாருதி 800 என்னும் சிறு காரே அது. கடைசியாக வெளிவந்த வண்டிக்கும் இன்று பத்தாண்டு கடந்துவிட்டது. எனினும் எங்கள் பகுதியில் ஓய்வுபெற்ற ஆசிரியர், அஞ்சலக ஊழியர், ஆலைத் தொழிலாளர் ஆகியோர் வீட்டு வாயில்களில் அது இன்னும் நிற்கின்றது. 15 ஆண்டு நிறைந்த சொந்த வண்டியை வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் காட்டிப் பதிவைப் புதுப்பித்துக்கொண்டால், ஐந்தைந்து ஆண்டுகளாக அதனை ஓட்ட இடமுண்டு. ஆகையால் முதுமை ஒன்றே காரணமாக ஒரு வண்டியைக் கழித்துவிட வேண்டியதில்லை. ஆனால் முதுமையில் எங்கெங்கே தளர்ச்சி வரும் என்று அறிந்திருக்க வேண்டும்.

நம் உடலை எடுத்துக்கொள்வோம். தொடை எலும்பின் தலை ஒரு பந்து. இடுப்பெலும்பில் அதற்கேற்ற ஒரு கிண்ணம். பந்து கிண்ணத்திற்குள் எப்பக்கமும் சுழலலாம். ஆனால் வெளியே வரக்கூடாது. காரின் கீழ்க்கையின் வெளிமுனையிலும் இவ்வாறே ஒரு பந்துமூட்டு உண்டு. 'பால் ஜாயின்ட்' என்பது இதுதான். சக்கரத்தை ஏந்தி நிற்கும் இரும்பு உறுப்பினை 'நக்கிள்' என்கின்றார்கள். அதனைக் கீழே பற்றிக்கொண்டிருப்பது இந்தப் பந்தின் தண்டு. சக்கரம் மேலும் கீழும் ஏறி இறங்க வேண்டும். அதே சமயம் ஸ்டியரிங்கிற்கு இணங்கி இடமும் வலமும் திரும்ப வேண்டும். இரண்டு அசைவுக்கும் இடந்தரக்கூடியது பந்து ஒன்றே. கையின் உள்முனை வண்டியின் அடிச்சட்டத்தோடு சேருமிடத்தில் அத்தனை சுதந்திரம் தேவையில்லை. கதவின் கீலைப்போல மேலும் கீழும் ஆடினால் போதும். ஆகவே அங்கே ஓர் இரும்புக் குழலைச் சுற்றி ரப்பர் வார்த்த 'புஷ்' வைக்கப்பட்டிருக்கின்றது. மாருதி 800-இல் மற்றுமோர் ஏற்பாடும் உண்டு. வண்டியின் முன்புறத்தில் குறுக்காக வளைந்து ஓடும் தண்டு ஒன்றின் முனைகள் இரு கைகளிலும் நுழைந்து, ரப்பர் புஷ்களுக்கிடையே நட்டுகளால் இறுக்கப்பட்டிருக்கின்றன. வண்டி திருப்பங்களில் ஒருபக்கமாகச் சாயாமல் காப்பதோடு, கீழ்க்கை முன்னும் பின்னும் நகராமல் பிடித்துக்கொள்வதும் இத்தண்டின் வேலை.

சக்கரத்தின் மேற்புறத்தை யார் பிடித்திருக்கின்றார்கள்? சுருள்வில்லும் ஷாக் அப்சார்பரும் ஒன்றாய்ச் சேர்ந்த தூண் ஒன்று பிடித்திருக்கின்றது. மெக்பெர்சன் என்னும் அமெரிக்கப் பொறியாளரின் பெயரால் வழங்கும் அமைப்பு இது. 1950-இல் இங்கிலாந்தில் வெளிவந்த போர்டு கான்சல் என்னும் காரில் இடம்பெற்ற பின்னர் உலகெங்கும் பரவியது. நம் நாட்டில் அதற்கு முன் ஓடிய கார்கள் வேறு வகை. கல்கத்தாவை அடுத்த உத்தரபாராவில் 1950-களின் பிற்பகுதி தொட்டு 2014 மே வரையில் செய்யப்பட்ட அம்பாசிடருக்கு முறுக்குத் தண்டே வில்லாக அமைந்தது. பிரீமியர் பத்மினிக்குச் சுருள்வில்லும், மேலொன்றும் கீழொன்றுமாக இரு கைகளும் இருந்தன. அம்பாசிடரின் மூட்டுகளில் கிரீஸ் ஏற்றுவதற்கு நிப்பிள்கள் உண்டு. அதனால் ஓட்டுநருக்கு அம்மூட்டுகளைப் பற்றிய நினைப்பும் இருந்தது. புதுவகை வண்டியின் பந்துமூட்டோ ஆலையிலேயே கிரீஸ் நிரப்பி, ரப்பர் உறையால் மூடப்பட்டு வருகின்றது. யாரும் தொட வேண்டியதில்லை; ஆகவே யாரும் பார்ப்பதுமில்லை. மாட்டு வண்டிக்காரர் ஒருவர் கடையாணியைத் தொட்டுப் பாராமல் வண்டி பூட்டிப் புறப்பட்டதை நான் சிறுவயதில் கண்டதில்லை. நாமோ கண்ணாடியைத் துடைத்துவிட்டுப் புறப்படுகின்றோம்.

அந்த ரப்பர் உறையில் நெல்லளவு கிழிசல் போதும். மழைநீரும் மணலும் உட்புகுந்து கிரீஸோடு கலக்கும். வழவழப்பான பந்துக்கும் கிண்ணத்திற்கும் நடுவே மணல் அரைபடும். அவ்வாறு தொடங்கிய தேய்மானம் பின்வாங்குவதில்லை. புஷ்ஷின் ரப்பரோ வெயிலிலும் எண்ணெய்க் கசிவிலும் வெடித்து, இரும்பிலிருந்து பிரிந்துவிடும். பெரிய உறுப்பு உறுதியாக நிற்க, மூட்டுதான் முதலில் களைத்துப் போகின்றது. திருச்சிக்காரருக்கு இதனை விளக்கவும் வேண்டுமோ? சிந்தாமணிக்கும் மாம்பழச்சாலைக்கும் நடுவே 1976-இல் திறக்கப்பட்ட காவிரிப் பாலத்தில், 2022 செப்டம்பரில் போக்குவரத்தை நிறுத்தி, 2023 மார்ச்சில்தான் மீண்டும் திறந்தார்கள். அத்தனை மாதங்கள் நாம் சுற்றிக்கொண்டு திருவரங்கம் சென்றது பெரும்பாலும் அப்பாலத்தின் இணைப்புகளைச் சீர்செய்வதற்காகவே. பாலத்திற்கே அந்தக் கதியென்றால் ஒரு சிறு காரின் கைக்குச் சொல்ல வேண்டுமா?

இனி, நான் நேரிற் கண்ட ஒரு நிகழ்ச்சிக்கு வருகின்றேன். எங்கள் தெருவில் என் நண்பர் ஒருவர் இருக்கின்றார். அவரும் ஓய்வுபெற்ற ஆசிரியரே. அவருடைய மனைவியாருக்குச் சிறுநீரகக் கோளாறு. வாரம் இருமுறை இரத்தச் சுத்திகரிப்புச் சிகிச்சைக்குத் திருச்சிக்குச் சென்று வர வேண்டும். விடியுமுன் புறப்பட்டு, நண்பகலுக்குமேல் திரும்புவார்கள். சிகிச்சை முடிந்து வரும் நேரத்தில் அந்த அம்மையாருக்குப் பேருந்தில் நிற்கவும் வலிவிராது. ஆகவே அந்தப் பழைய மாருதி அவர்களுக்கு ஆடம்பரப் பொருளன்று. அதில் இடப்புறமிருந்து மேற்சொன்ன ஓசை எழுந்தது. ஒரு பட்டறையில், "ஷாக்கப் போய்விட்டது" என்று இரண்டு தூண்களையும் மாற்றினார்கள். ஓசை நிற்கவில்லை. மற்றோரிடத்தில், ஸ்டியரிங்கின் 'ராக்' முழுவதையும் மாற்ற வேண்டும் என்றார்கள். மூன்றாமவர் ஒருவர், "இந்த வண்டியை இரும்புக் கடைக்குப் போட்டுவிடுங்கள்" என்று இலவசமாக ஆலோசனை சொன்னார். நண்பரின் ஓய்வூதியம் எவ்வளவு என்பது எனக்குத் தெரியும். அவர் மனம் கலங்கியதில் வியப்பில்லை.

என்னிடம் எட்டாம் வகுப்புப் படித்தவர் ஒருவர் நெடுஞ்சாலையோரம் சிறு பட்டறை வைத்திருக்கின்றார். அவரிடம் வண்டியைக் கொண்டு சென்றோம். ஓசையைப் பற்றி நண்பர் விரிவாகச் சொல்லத் தொடங்கினார். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "சார், சத்தத்துக்கு மருந்து கொடுக்கக் கூடாது சார். எந்தச் சாமான் ஆடுதுன்னு கையால பார்த்துட்டுத்தான் கொடுக்கணும்" என்றார். கல்வியியற் பயிற்சிக் கல்லூரியில் எங்களுக்கு ஓராண்டு முழுவதும் போதித்த ஒன்றை அவர் இரண்டு வாக்கியத்தில் முடித்துவிட்டார்.

முதலில் அவர் செய்தது என்ன தெரியுமா? பின்புறப் பெட்டியைத் திறந்து, ஸ்டெப்னியும் ஜாக்கியும் உருளாமல் கட்டப்பட்டிருக்கின்றனவா என்று பார்த்தார். "பாதி சத்தம் இங்கேயே தீர்ந்துடும் சார்" என்றார். இங்கே தீரவில்லை. பிறகு வண்டியை ஓட்டச் சொல்லித் தாம் நடைபாதையில் நின்று கவனித்தார். ஸ்டியரிங்கை முழுவதும் திருப்பி, வேகம் கொடுக்கும்போது மட்டும் 'டக டக டக' என்று விடாமல் கேட்டால் அது சக்கரத்திற்கு விசை கொண்டு செல்லும் அச்சின் மூட்டு. கீழ்க்கைக்கு அதனோடு தொடர்பில்லை. பிரேக்கை அழுத்தும்போது ஒரு 'டொக்', விட்டுக் கிளம்பும்போது மறுபடி ஒரு 'டொக்' என்று கேட்டால், கை முன்னும் பின்னும் நகருகின்றது என்று பொருள். ஏனெனில் பிரேக் பிடிக்கும்போது சாலை சக்கரத்தைப் பின்னோக்கி இழுக்கின்றது. முன்சக்கரம் இழுத்துச் செல்லும் இவ்வகை வண்டியில், கிளம்பும்போது சக்கரம் முன்னோக்கிப் பாய்கின்றது. புஷ் நன்றாயிருந்தால் இவ்விரு விசையையும் ஓசையின்றி வாங்கிக்கொள்ளும். நண்பரின் வண்டியில் இந்த இரட்டை ஓசை தெளிவாகக் கேட்டது.

அடுத்து, பின்சக்கரங்களுக்குக் கட்டை கொடுத்து, முன்புறத்தை ஜாக்கியால் உயர்த்தி, அடியில் இரும்பு ஸ்டாண்டுகளை நிறுத்தினார். இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல விரும்புகின்றேன். ஜாக்கி தூக்குவதற்கு உரியது, தாங்குவதற்கு உரியதன்று. ஜாக்கியையும் நாலு செங்கல்லையும் நம்பி வண்டிக்கடியில் தலையை நீட்டுபவர்களை எங்கள் சாலையோரத்தில் நாள்தோறும் காண்கின்றேன். அவர்களிடம் நான் தலைமையாசிரியர் குரலில்தான் பேசுகின்றேன். ஓய்வு பெற்றது அதற்குத் தடையாக இல்லை.

தொங்கும் சக்கரத்தைக் கடிகாரத்தின் முகமாக எண்ணிக்கொள்ளுங்கள். 12 மணி இருக்குமிடத்தில் ஒரு கையும் 6 மணி இருக்குமிடத்தில் மறு கையும் வைத்து உள்ளும் புறமுமாக ஆட்ட வேண்டும். ஆட்டம் தெரிந்தால் அது பந்துமூட்டாக இருக்கலாம். சக்கரத்தின் பேரிங்காகவும் இருக்கலாம். இரண்டையும் பிரித்தறிய ஓர் எளிய வழி உண்டு. உள்ளே ஒருவரை அமர்த்திப் பிரேக்கை அழுத்தச் சொல்ல வேண்டும். அப்போது ஆட்டம் நின்றுவிட்டால் பேரிங் தேய்ந்தது. பிரேக்கை அழுத்திய பிறகும் அடிப்புறம் ஆடினால் குற்றம் மூட்டில். 9 மணிக்கும் 3 மணிக்கும் கைகளை வைத்து ஆட்டும்போது மட்டும் ஆட்டம் தெரிந்தால் ஸ்டியரிங் தண்டுகளின் முனைகளைப் பார்க்க வேண்டும். நண்பரின் வண்டியில் இடச்சக்கரம் பிரேக் அழுத்திய நிலையிலும் அடியில் அசைந்தது. என் விரலை மூட்டின்மேல் வைக்கச் சொன்னார். தண்டு கிண்ணத்திற்குள் மெல்லத் தட்டுவது விரலுக்குத் தெரிந்தது. ரப்பர் உறை கிழிந்து, உள்ளிருந்து துருநிறத்தில் நீர் கசிந்திருந்தது. ஒரு நீண்ட கம்பியைக் கைக்கும் சட்டத்திற்கும் நடுவே செருகி நெம்பினார். புஷ்ஷின் ரப்பர் இரும்பை விட்டுத் திறந்து மூடியது. ரப்பருக்குச் சிறிது நெகிழ்வு இயற்கையாகவே உண்டு. நெம்பியவுடன் அசைந்தது என்பதற்காக மாற்ற வேண்டியதில்லை. வெடிப்பும் பிரிவும் இருக்கின்றனவா என்பதே பார்க்க வேண்டியது. வலப்புறத்திலும் மூட்டு சிறிது தளர்ந்திருந்தது.

இவ்வளவும் பார்க்க அரை மணி நேரங்கூட ஆகவில்லை. முந்தைய இரு பட்டறைகளும் இந்த அரை மணியைச் செலவிடவில்லை. ஒரு குறிப்பு: இந்தச் சோதனை தூண் அமைப்புள்ள வண்டிக்குரியது. கீழ்க்கையின் மேலேயே சுருள்வில் அமர்ந்திருக்கும் வண்டியில், சக்கரம் தொங்கும்போது வில்லின் விசை மூட்டை இறுக்கி ஆட்டத்தை மறைத்துவிடும். அங்கே கைக்கு அடியில் ஜாக்கி வைத்துத் தூக்கிப் பார்க்க வேண்டும்.

பந்து கிண்ணத்தை விட்டு வெளியே வந்துவிட்டால் என்ன நிகழும்? சக்கரத்தின் அடிப்புறம் வெளியே விரிந்து, சக்கரம் மடிந்துபோகும். வண்டி அந்தப் பக்கம் தரையில் அமரும். ஸ்டியரிங் சக்கரம் கையில் இருக்கும், ஆனால் வண்டி அதற்குக் கட்டுப்படாது. வீட்டு வாயிலில் திருப்பும்போது நேர்ந்தால் பிழைத்தோம். பால்பண்ணைக்கும் துவாக்குடிக்கும் இடையே, கொதிகலன் பாகங்களை ஏற்றிய நீண்ட டிரெய்லர் ஒன்று பின்னால் வரும்போது நேர்ந்தால்? 2012 ஜூலையில் சென்னையை அடுத்த தாம்பரம் பக்கத்தில், பள்ளிப் பேருந்தின் தளத்திலிருந்த ஓட்டை வழியே ஒரு சிறுமி விழுந்து உயிர் நீத்தாள். அவ்வாண்டே பள்ளி வாகனங்களுக்கெனத் தமிழ்நாடு அரசு தனி விதிகள் வகுத்தது; பள்ளி திறக்குமுன் ஆண்டுதோறும் வாகனங்களை ஆய்வு செய்கின்றார்கள். அந்நாள் தொட்டு எந்த வண்டியைக் கண்டாலும் அதன் மேற்பூச்சைப் பார்ப்பதைவிட அடிப்புறத்தைக் குனிந்து பார்ப்பது எனக்குப் பழக்கமாகிவிட்டது. சில பெற்றோர் என்னை விநோதமாகப் பார்த்ததுண்டு.

நோய் தெரிந்தது, சிகிச்சையில்தான் ஒரு வாக்குவாதம் எழுந்தது. பட்டறையில் காத்திருந்த மற்றொருவர், "எதற்குப் புதுக் கை வாங்க வேண்டும்? பந்து கழலாதபடி கிண்ணத்தின் விளிம்பைச் சுற்றி ஒரு வெல்டு வைத்தால் போதுமே. துவாக்குடியில் வெல்டருக்கா பஞ்சம்?" என்றார். கேட்பதற்கு இனிய யோசனை. எங்கள் ஊர்ப் பெருமையும் அதில் அடங்கியிருக்கின்றது. ஆனால் அதற்கு முதலில் மறுப்புச் சொன்னவர் ஒரு வெல்டரேயாவார்; அவரும் எங்கள் பள்ளியில் படித்தவர்; பக்கத்துக் கடையில் தேநீர் அருந்திக்கொண்டிருந்தார். அவர் சொன்ன காரணங்களைக் கேளுங்கள். கொதிகலன் குழாயில் ஒரு பற்றவைப்பு என்றால், உலோகம் இன்னது, பற்றவைக்கும் கம்பி இன்னது, எவ்வளவு சூடு என்றெல்லாம் முன்னரே எழுதி வைத்திருப்பார்கள். முடிந்தபின் எக்ஸ்ரே எடுத்துப் பார்ப்பார்கள். பற்றவைப்பை ஆராய்வதற்கென்றே திருச்சியில் 1975 முதல் ஓர் ஆராய்ச்சி நிலையம் இருக்கின்றது. இங்கே இந்தக் கை என்ன எஃகு என்பது யாருக்கும் தெரியாது. பற்றவைக்கும் சூட்டில் உள்ளிருக்கும் கிரீஸ் எரியும். பந்துக்கும் கிண்ணத்துக்கும் இடையிலுள்ள பிளாஸ்டிக் உறை உருகும். பற்றிய இடத்தை அடுத்துள்ள எஃகு சில சமயம் கடினமாகி நொறுங்குந்தன்மை அடையும். இத்தனைக்கும் பிறகு தேய்ந்த பந்து தேய்ந்த பந்தாகவே இருக்கும். ஓசை மட்டும் சில நாள் நிற்கும். "எக்ஸ்ரே எடுக்காத வெல்டுல நான் என் பிள்ளையை உட்கார வைக்க மாட்டேன் சார்" என்றார். பற்றவைக்கத் தெரியாதவர்தாம் எதையும் பற்றவைக்கலாம் என்று எண்ணுகின்றார்.

இதைப்போன்றே வேறு சில குறுக்கு வழிகளும் உண்டு. தளர்ந்த புஷ்ஷில் வாஷர் செருகுவது ஒன்று. கிறீச்சிடும் ரப்பரில் கிரீஸ் தடவுவது மற்றொன்று. கிரீஸிலுள்ள எண்ணெய் பட்டால் ரப்பர் ஊதிப் பதம் கெடும். பழைய சாமான் கடையில் கறுப்புச் சாயம் பூசிப் புதியதுபோல் விற்கும் கைகளும் உள்ளன. புஷ் மட்டும் தேய்ந்திருந்தால் அதை மட்டும் அழுத்துப் பொறியில் வைத்து மாற்றலாம். பந்துமூட்டு இவ்வண்டியில் கையோடு சேர்ந்தே வருவது. அது தேய்ந்தால் கை முழுவதையும் மாற்றுவதே முறை. ஒருபுறம் மாற்றினால் மறுபுறமும் மாற்றுவது நல்லது. இரண்டும் ஒரே சாலையில் ஒரே அளவு ஓடியவை அல்லவா? நண்பர் இரண்டு புதிய கைகளையும், குறுக்குத் தண்டின் புஷ்களையும் வாங்கினார். ராக் மாற்றக் கேட்ட தொகையோடு ஒப்பிட்டால் அது சிறு செலவே.

மாற்றும் முறையைச் சுருங்கச் சொல்லுகின்றேன். சக்கர நட்டுகளை வண்டி தரையில் நிற்கும்போதே சிறிது தளர்த்திக்கொள்ள வேண்டும். தூக்கிய பின் சக்கரம் சுழன்றுபோகும். சக்கரத்தைக் கழற்றியபின், பந்தின் தண்டை நக்கிளிலிருந்து விடுவிக்க வேண்டும். சில வண்டிகளில் அத்தண்டு ஒரு பிளவுக்குள் இறங்கிக் குறுக்கு போல்ட்டினால் இறுக்கப்பட்டிருக்கும். அந்த போல்ட்டைத் தளர்த்தினால் மட்டும் போதாது. முழுவதும் உருவி எடுக்க வேண்டும். தண்டில் அதற்கென ஒரு பள்ளம் இருப்பதால், போல்ட்டு வெளிவராமல் தண்டு வெளிவராது. இதை அறியாமல் சுத்தியலால் அடிப்பவர் நக்கிளையும் கெடுத்துக்கொள்வார். வேறு சில வண்டிகளில் தண்டு கூம்பாக இருக்கும். அதற்குத் தனிக் கழற்றுக் கருவி உண்டு. பிறகு குறுக்குத் தண்டின் முனை நட்டையும் உள்முனை போல்ட்டையும் கழற்றினால் கை வெளியே வந்துவிடும். பழையதையும் புதியதையும் அருகருகே வைத்து நீளம், துளை, வளைவு ஆகியவற்றை ஒப்பிட்ட பின்னரே பூட்டத் தொடங்க வேண்டும். அன்று பழைய கையை என்னிடம் கொடுத்துச் சாய்த்துப் பார்க்கச் சொன்னார். பந்தின் தண்டு தன் பாரத்திலேயே இப்பக்கமும் அப்பக்கமும் சரிந்தது. புதியதில் அதே தண்டை என் இரு விரல்களால் அசைக்க முடியவில்லை. எந்த விளக்கப்படமும் இதைவிடத் தெளிவாக எனக்குக் கற்பித்திருக்காது.

பூட்டும்போது எல்லா போல்ட்டுகளையும் ஏற்றி, உள்முனை போல்ட்டை மட்டும் அரைகுறையாகவே இறுக்கினார். சக்கரத்தை மாட்டி, வண்டியைத் தரையில் இறக்கி, முன்புறத்தை நாலைந்து முறை அழுத்தி விட்டு, வண்டி தன் இயல்பான உயரத்தில் நின்றபின்தான், அடியில் கையை நீட்டி அதனை இறுதியாக இறுக்கினார். ஏன் என்று கேட்டேன். அவர் ஒரு துண்டுத் துணியை என்னிடம் கொடுத்து, இரு முனைகளையும் பிடிக்கச் சொன்னார். புஷ்ஷின் உட்குழல் போல்ட்டோடு இறுகிவிடும். வெளிக்குழல் கையோடு இறுகியிருக்கும். நடுவிலுள்ள ரப்பர் முறுக்கிக்கொண்டுதான் கை மேலும் கீழும் ஆடுகின்றது. சக்கரம் தொங்கும் நிலையிலேயே போல்ட்டை இறுக்கிவிட்டால், அந்த நிலையே ரப்பருக்கு ஓய்வு நிலையாகிவிடும். தரையில் இறக்கியவுடன் அது பிழிந்த துணிபோல முறுக்கேறும். வண்டி நிற்கும்போதும் முறுக்கம். ஓடும்போது அதற்குமேலும் முறுக்கம். சில மாதங்களிலேயே புதிய புஷ் கிழிந்துபோகும். "மறுபடியும் போச்சே, டூப்ளிகேட் சாமான்" என்று கடைக்காரரைத் திட்டுவார்கள். குற்றம் பெரும்பாலும் சாமானில் இராது. இந்த ஒரு செய்தியை மட்டும் நேயர்கள் நினைவில் கொண்டு, தம் வண்டியைப் பழுதுபார்ப்பவரிடம் மெல்லக் கேட்டுப் பார்க்கலாம். "வண்டியைக் கீழே இறக்கித்தானே டைட் பண்ணுவீர்கள்?" என்று கேட்டால் அவர் கோபித்துக்கொள்ள மாட்டார். கோபித்துக்கொண்டால் வேறு பட்டறை பார்ப்பது நலம்.

பழைய பிளவூசிகளைத் திரும்பப் பயன்படுத்தாமல் புதியவற்றையே மாட்டினார். எவ்வளவு இறுக்க வேண்டும் என்பதைப் பட்டறைக் கையேட்டில் பார்த்து, அளவு காட்டும் ஸ்பேனரால் இறுக்கினார். கை மாறினால் சக்கரங்களின் நேர்நிலை சிறிதேனும் மாறியிருக்கும். ஆகவே மறுநாளே அலைன்மென்ட் பார்க்கச் சொன்னார். இதனைத் தவிர்த்தால் புதிய டயரின் ஓரம் சில ஆயிரம் கிலோமீட்டரிலேயே தேய்ந்துவிடும். கையில் மிச்சம் பிடித்த பணம் டயரில் போகும்.

500 கிலோமீட்டர் ஓடியபின் நண்பர் வண்டியைத் திரும்பக் கொண்டு சென்றார். நட்டுகள் எல்லாம் பிடித்தபடியே இருந்தன. வாரம் இருமுறை அதே விடியற்காலைப் பயணம் நடக்கின்றது. டயர் மாற்றும்போதோ பஞ்சர் ஒட்டும்போதோ சக்கரம் கழன்றிருக்கும் நேரத்தில், அவர் குனிந்து அந்த இரண்டு ரப்பர் உறைகளையும் ஒரு கந்தையால் துடைத்துக் கிழிசல் இருக்கின்றதா என்று பார்க்கின்றார். ஐப்பசி, கார்த்திகை மழை முடிந்தவுடன் தனியாகவும் ஒருமுறை பார்க்கின்றார். இரண்டு நிமிட வேலைதான். கையில் ஒரு டார்ச்சு விளக்கு இருந்தால் போதும்.